சிவப்பு வந்தது

அத்தியாயம் 11

ஆடிக் கிருத்திகை அன்று அருணாசலம் வீட்டில் அடுப்புப் பற்றவைக்கவில்லை. தங்கம் விரதம். ஊருக்கெல்லாம் சொல்லிவிட்டு உள்ளே இட்லியும் உப்புமாவுமாக நடக்கும் விரதம் அல்ல, பச்சைத் தண்ணீர் விரதம். வைகாசிக்குப் பிறகு வந்த ஒவ்வொரு கிருத்திகைக்கும் இதே கதைதான். செருப்புப் போடுவதையும் நிறுத்திவிட்டாள். சிந்தல் மார்க்கெட் சேற்றில் வெறுங்காலோடு போய்க் காய்கறி வாங்கி வருகிறாள்.

எதற்கு இந்த வேண்டுதல் என்று கணவரும் கேட்கவில்லை, மகள் சௌம்யாவும் கேட்கவில்லை. கேள்வி கேட்கும் பழக்கமே அந்த வீட்டில் வைகாசியோடு ஒழிந்துபோயிற்று.

வைகாசியில் நடந்தது நினைவிருக்கும். அமீர்பேட்டில் சாஃப்ட்வேர் டெஸ்டிங் கோர்ஸ் படிக்கப் போன இடத்தில் சௌம்யாவுக்குப் பழக்கமானவன் வாசு. இப்போது இருவருக்கும் கச்சிபௌலியில் வேலை. வாசு வீட்டார் செகந்திராபாத் தமிழர்கள். வெள்ளைக்காரன் பட்டாளத்தோடு வந்து, பட்டாளம் போன பிறகும் போகாமல் தங்கிவிட்ட குடும்பம்.

மகள் விஷயத்தைச் சொன்னபோது அருணாசலம் கோபப்படவில்லை. எப்படிக் கோபப்படுவார்? ஜீடிமெட்லாவில் ஒரு மருந்துக் கம்பெனியில் பாய்லர் சூப்பர்வைசர் என்பது அவருடைய பாதி அடையாளம்தான். மீதிப் பாதி, வேல்குட்டா முருகன் கோயில் தமிழர் கமிட்டியின் செயலாளர். குட்டா என்றால் தெலுங்கில் குன்று. மேட்சல் ரோட்டுப் பக்கம் உருண்டைப் பாறைகளாகக் குவிந்து கிடக்கும் அந்தக் குன்றின்மேல், "ஊரை விட்டு வர்றப்பவே சாதியையும் அங்கயே உட்டுப்போட்டு வந்துட்டமுங்க" என்று மைக்கில் பேசிக் கைதட்டு வாங்கியவர் அவர்.

அதனால், "நம்ம கையில என்ன அம்மிணி இருக்குது? முருகங்கிட்டப் பூக் கேப்போம். அவன் சொல்றபடி நடப்போம்" என்றார். சௌம்யாவும் தலையாட்டினாள். சின்ன வயதிலிருந்து அவளுக்கும் அந்த முருகன்தான். பரீட்சையோ, பல்வலியோ, முதல் இன்டர்வியூவோ, எதுவானாலும் அவனிடம்தான் போய் நிற்பாள்.

வைகாசி விசாகத்தன்று தங்கம் பிறந்த வீட்டுக்குப் போயிருந்தாள். திருத்தணி மலையேறி, சிவப்புப் பூ ஒரு பொட்டலம், வெள்ளைப் பூ ஒரு பொட்டலமாகக் கட்டிச் சாமி முன்னால் வைத்து, ஒரு குழந்தையை விட்டு எடுக்கச் சொன்னாள். மலைமேலிருந்தே கணவருக்குப் போன் பண்ணினாள்.

"ஏங்க, சிவப்பு வந்துச்சிங்க."

"அப்படியா? சரி" என்று அவர் போனை வைத்துவிட்டார். மறுநாளே வாசு வீட்டுக்கு, "சாமி உத்தரவு கிடைக்கலீங்க" என்று சொல்லியாயிற்று. தங்கம் ஊரிலிருந்து திரும்புவதற்குள் எல்லாம் முடிந்திருந்தது.

அதிலிருந்து ஒரே கூரையின் கீழ் மூன்று பேர், மூன்று விதமாக வாயை மூடிக்கொண்டிருக்கிறார்கள்.

* * *

அருணாசலம் விடியும்போதே குட்டாவுக்குக் கிளம்பிவிட்டார். கமிட்டி வேலை. அம்மாவும் பெண்ணும் ஹாலில் பாய் விரித்து உட்கார்ந்து பூக்காவடிக்குப் பூக் கட்டிக்கொண்டிருந்தார்கள். ஒரு கூடை செவ்வரளி, ஒரு கூடை நந்தியாவட்டை.

சௌம்யா வெள்ளையை மட்டுமே எடுத்துத் தொடுத்தாள். அரளிக் கூடையை அம்மா பக்கம் நகர்த்தி வைத்தாள்.

"இதை நீயே கட்டும்மா. எனக்கு இந்தப் பூவைப் பார்த்தாலே பத்திக்கிட்டு வருது."

"அய்ய, அப்படிச் சொல்லாதடி. முருகனுக்கு உகந்த பூ. உனக்குன்னு வந்த பூ."

"வந்ததாலதானே எல்லாம் போச்சு!"

"வந்தும் போச்சேன்னுதான்டி நான் வயித்தைக் காயப்போட்டுக்கினு கெடக்குறேன்."

சௌம்யாவின் கையில் நார் அப்படியே நின்றது. அவள் இங்கிலீஷ் மீடியத்தில் படித்தவள். சிநேகிதிகளோடு தெலுங்கில் சண்டை போடுகிறவள். தமிழில் ஒரு பக்கம் எழுதச் சொன்னால் விழிப்பாள். ஆனாலும் 'வந்ததால்' என்பதற்கும் 'வந்தும்' என்பதற்கும் நடுவில் இருக்கும் பள்ளம் அவளுக்குத் தெரிந்தது.

"வந்தும்னா? என்னம்மா சொல்றே?"

"இன்னாத்தைச் சொல்றது? முருகனே சரின்னுட்டாரு. உங்கப்பா மாட்டேன்னுட்டாரு. சாமி வார்த்தையை மீறினா குடும்பத்துக்கு ஆவுமா? அவரு தலையில அது விடியக் கூடாதுன்னுதான் நான் விரதம் இருக்குறேன். அவருகிட்ட யாரு கேக்கறது? நீயும் வாயைத் தொறக்கல, அப்பனுக்குக் கட்டுப்பட்டுட்டியேன்னு நெனைச்சிக்கினேன்."

"இரு, இரு. முருகன் சரின்னாரா? சிவப்பு வந்ததுன்னுதானே நீ சொன்னே?"

"ஆமா. சிவப்பு வந்தா சரின்னுதானே அர்த்தம்?"

"அம்மா! சிவப்புன்னா வேண்டாம்! வெள்ளைதான் சரி. அப்பா எனக்கு விளக்கமாச் சொன்னாரே!"

தங்கம் மகளை ஏற இறங்கப் பார்த்தாள். "எந்த ஊரு வழக்கம்டி இது? எங்கப்பாரு காலத்துலேர்ந்து எங்க வீட்டுல சிவப்புதான் உத்தரவு. வெள்ளை வந்தா நில்லுன்னு அர்த்தம்."

"சென்னிமலையில அப்படி இல்லையாம். அப்பா வீட்டுல வெள்ளைதானாம்."

அருணாசலத்தின் ஊர் சென்னிமலை. அங்கேயும் மலை, அங்கேயும் முருகன், அங்கேயும் பூ. ஆனால் அவர் வீட்டில் பூக் கேட்பது ஆம்பிளைகள் சமாச்சாரம். பெண்டுகள் அடிவாரத்தில் பொங்கல் பானையோடு உட்கார்ந்திருப்பார்கள். மேலேயிருந்து 'சரி' என்றோ 'வேண்டாம்' என்றோ ஒரு வார்த்தை இறங்கி வரும். எந்தப் பூ வந்தது என்று மருமகளுக்கு யாரும் சொன்னதில்லை. கேட்க வேண்டும் என்று அவளுக்கும் தோன்றியதில்லை. தன் வீட்டு வழக்கம்தான் உலக வழக்கம் என்று நினைத்துக்கொண்டு இத்தனை வருஷம் குடும்பம் நடத்திவிட்டாள்.

தங்கத்தின் முகம் மெல்ல மெல்ல மாறியது. அம்மா அழப்போகிறாள் என்று சௌம்யா நினைத்தாள். அம்மா சிரித்தாள்.

"அப்போ உங்கப்பா சாமியை மீறலையா?"

"இல்லம்மா. தப்பாப் புரிஞ்சுக்கிட்டார், அவ்வளவுதான்."

"என் தெய்வமே! ஒரு பாவமும் அறியாத மனுசனை ரெண்டு மாசமா மனசுக்குள்ள திட்டிக்கினு இருந்துட்டேனே. குத்தம் என் மேலதான்டி. சிவப்பு வந்துச்சின்னு சொன்ன வாய், முருகன் சரின்னுட்டாருன்னு ஒரு வார்த்தை சேத்துச் சொல்லியிருந்தா என்ன கொறைஞ்சா போயிருக்கும்?" என்றவள், "போன உடனே அவரு கால்ல விழுந்துடணும்" என்றாள்.

மகள் கல்யாணம் கைகூடிவிடும் என்ற சந்தோஷத்தைவிட, கணவர் தப்பு பண்ணவில்லை என்ற சந்தோஷம்தான் தங்கத்துக்குப் பெரிதாக இருந்தது. இப்படியும் பெண்கள் இருக்கிறார்கள். இருப்பதால்தான் சில ஆண்கள் நிம்மதியாகத் தூங்குகிறார்கள்.

* * *

சௌம்யா மாடிப்படிக்கு ஓடி வாசுவைக் கூப்பிட்டாள். எத்தனையோ வாரத்துக்குப் பிறகு அந்த நம்பரைத் தொடுகிறாள்.

"வாசு, அன்னிக்கு நடந்தது மிஸ்டேக். எங்கம்மா ஊர்ல சிவப்புன்னா எஸ். அப்பா அதை நோன்னு எடுத்துக்கிட்டார். யாருக்குமே தெரியலை. இப்பத்தான் தெரிஞ்சுது!"

அந்தப் பக்கம் எங்கோ தெருவில் போனாலு பண்டிகை மேளம் அடிக்கும் சத்தம் மட்டும் கேட்டது.

"வாசு, லைன்ல இருக்கியா?"

"இருக்கேன். இப்ப வந்து சொல்றியே சௌமி. இன்னிக்குச் சாயந்தரம் அம்மா பொலாரத்துல ஒரு பொண்ணு வீட்டுக்குப் போயி வார்த்தை கொடுக்கறாங்க. ஆடி முடிஞ்சதும் தட்டு மாத்தறதா பேச்சு."

"நீ... ஒத்துக்கிட்டியா?"

"அம்மா கேட்டாங்க, ஹவ், சரின்னுட்டேன். வேற என்ன சொல்றது? உங்க வீட்டுல சாமியே நக்கோ, வேண்டாம்னுடுச்சு. நான் யார்கிட்டப் போயி கைக்கு, எதுக்குன்னு கேக்கறது?"

சௌம்யா மாடிப்படியில் உட்கார்ந்தாள்.

"உங்கப்பா வேண்டாம்னிருந்தா அம்மா ரெண்டு வார்த்தை திட்டிட்டு விட்டிருப்பாங்க" என்றான் வாசு. "சாமிக்கே நம்மளைப் பிடிக்கலையாம்னு சொன்னதுதான் அவங்களைக் கொன்னுடுச்சு. மாசா மாசம் குட்டாவுக்குப் பால்குடம் எடுத்தவங்க. அன்னிலேருந்து அந்தப் பக்கமே போகல. இன்னிக்குத்தான், நான் என்னடா பாவம் பண்ணேன்னு அவன்கிட்டயே கேட்டுட்டு வந்துடறேன்னு கிளம்பறாங்க."

"குட்டாவுக்கா? இன்னிக்கா?"

"அபிஷேகத்துக்கு. உங்கப்பா நேருக்கு நேரா ஒரு வார்த்தை சொல்லட்டும் சௌமி. சாமி வேண்டாம்னு சொல்லலை, நாங்கதான் தப்பாப் புரிஞ்சுக்கிட்டோம்னு. அது போதும். பொலாரத்தை நான் பாத்துக்கறேன்."

ஒரே ஒரு வார்த்தை. அப்பா சொல்லமாட்டாரா என்ன? சௌம்யா படிகளை இரண்டிரண்டாகத் தாண்டி இறங்கினாள்.

* * *

வேல்குட்டா அடிவாரத்தில் ஆட்டோ நுழைய முடியாத கூட்டம். தமிழ்ச் சனத்தோடு தெலுங்குக்காரர்களும் சுப்ரமண்யேஸ்வர சுவாமி என்று கும்பிட்டுக்கொண்டு வரிசையில் நின்றார்கள். அருணாசலம் பச்சை நிற பேட்ஜ் குத்திக்கொண்டு தண்ணீர்ப் பந்தலில் மோர் ஊற்றிக்கொண்டிருந்தார். பார்க்கக் கம்பீரமாகத்தான் இருந்தார்.

தங்கம் காவடியை மகளிடம் கொடுத்துவிட்டு, அத்தனை பேர் முன்னாலும் அவர் காலில் விழுந்தாள்.

"ஏ, ஏ, என்ன இது? எந்திரி, எந்திரி."

"மன்னிச்சிடுங்க. நீங்க சாமியை மீறிட்டீங்கன்னு மனசுல நெனைச்சிட்டேன். நான்தான் சரியாச் சொல்லலை. எங்க வீட்டுல சிவப்புன்னா சரின்னு அர்த்தங்க. உங்களுக்கு அது தெரியாதே!"

அருணாசலம் ஒரு நிமிஷம் மனைவியைப் பார்த்தார். பிறகு மகளைப் பார்த்தார். அப்புறம் மோர்க் குண்டானைப் பார்த்தார்.

"அப்படியா சங்கதி? முன்னமே சொல்றதில்லையா நீயி?" என்றார். "சரி, உடு. தெரியாமச் செஞ்சது. எந்திரி."

மன்னித்துவிட்டார். பெரிய மனசு.

"அப்பா, வாசுவோட அம்மா புஷ்பா ஆன்ட்டி அபிஷேகத்துக்கு வர்றாங்க" என்றாள் சௌம்யா. மூச்சு வாங்கியது. "நீங்க ஒரே ஒரு வார்த்தை சொன்னாப் போதும். தப்பாப் புரிஞ்சுக்கிட்டோம்னு."

"அதெப்படி அம்மிணி? உங்கொம்மா ஊருல ஒரு அர்த்தம், என்ற ஊருல ஒரு அர்த்தம்னா, முருகன் எதை நெனைச்சுக் குடுத்தான்னு யாருக்குத் தெரியும்?"

"அப்போ இங்கேயே மறுபடி கேட்டுடலாம். எது சரின்னு முன்கூட்டியே பேசி வச்சுக்கிட்டு."

"ஒருக்கா சாமிகிட்டக் கேட்டதை மறுக்காக் கேக்கப்படாது. அவன் வாக்கைச் சந்தேகப்பட்ட மாதிரி ஆயிரும். நடந்தது நடந்துபோச்சு. நாலு பேர் பாக்கறாங்க பாரு, நீ போயிக் காவடியைத் தூக்கிட்டு மேல ஏறு தங்கம்."

தங்கம் தோளில் காவடியை ஏற்றிக்கொண்டாள். ராத்திரி மழையில் பாறைப்படிகள் வழுக்கின. காலையிலிருந்து ஒரு வாய் தண்ணீருக்கு மேல் எதுவும் இறங்காத உடம்பு. "முருகா, என் வாயாலதான் கெட்டுச்சு, என் வாயாலதான் கெட்டுச்சு" என்று முனகிக்கொண்டே ஏறினாள்.

அப்பாவுக்குப் பிடிவாதம், அவ்வளவுதான் என்று சௌம்யா நினைத்தாள். திருத்தணியில் கேட்ட பூவுக்குத் திருத்தணி வழக்கம்தானே செல்லும்? அம்மாவோடு பிறந்த மாமா வரதராஜன் எடுத்துச் சொன்னால் அப்பா கேட்பார். ஒரு பாறை மறைவில் ஒதுங்கி மாமாவுக்குப் போன் போட்டாள்.

"இன்னாம்மா சௌமி, ஆடி முடியறதுக்குக் காத்துக்கினு இருக்கீங்களா? முருகன் உத்தரவு கொடுத்து எவ்ளோ நாளாச்சு, பத்திரிகையக் காணோமேன்னு உங்க அத்தை கேட்டுக்கினே இருக்கா."

அந்தக் கேள்வி நேராக நெஞ்சில் இறங்கியது. நடந்ததைச் சொன்னாள். அப்பாவுக்குச் சிவப்பின் அர்த்தம் தெரியாமல் போய்விட்டது என்று சொல்லி முடிப்பதற்குள் மாமா குறுக்கே புகுந்தார்.

"யாருக்கு? உங்கப்பாவுக்கா? அவருக்கா தெரியாது?" என்று சிரித்தார். "அடப்போம்மா. உங்கம்மாவைப் பொண்ணு பாக்க வந்தப்ப எங்கப்பா மலைமேல பூக் கேட்டாரு. பொட்டலத்தைப் பிரிச்சா சிவப்பு. நாங்க எல்லாம் அரோகரான்னு கத்துறோம், மாப்பிள்ளையக் காணோம். பாத்தா, பாதி மலை இறங்கிட்டாரு மனுசன். நான்தான் பின்னாலயே ஓடிப் போயி கையப் புடிச்சேன். எங்க ஊருல சிவப்புன்னா வேண்டாம்னு அர்த்தங்கன்னு, அழுவாத கொறையாச் சொன்னாரு. எங்க ஊருல சிவப்புதான் மாப்பிள்ளை சரின்னு சொல்லி, அந்த அரளியையே கழுத்துல போட்டு இட்டாந்தேன்."

சௌம்யா போனைக் காதோடு அழுத்திக்கொண்டாள்.

"உங்கம்மாகிட்டச் சொல்லக் கூடாதுன்னு அன்னிக்கே சத்தியம் வாங்கிட்டாரு, வெக்கம். ஏம்மா, அதைப் போயி ஒரு மனுசன் மறப்பானா? ஹலோ? சௌமி?"

அவள் போனை அணைத்தாள். பாறையில் கை ஊன்றிக்கொண்டு நின்றாள். காலையில் அம்மா சிரித்த சிரிப்பு நினைவுக்கு வந்தது. அது நினைவுக்கு வந்திருக்கவே வேண்டாம்.

* * *

"அப்பா, திருத்தணியில பாதி மலை இறங்கிட்டீங்களாமே."

டம்ளரில் மோர் வழிந்து அருணாசலத்தின் கையெல்லாம் ஆயிற்று. கரண்டியைப் பக்கத்தில் இருந்தவரிடம் கொடுத்துவிட்டு, பந்தலுக்குப் பின்னால் மகளை அழைத்துப் போனார்.

"வரதன் சொன்னானா?"

"அப்போ உங்களுக்குத் தெரியும்."

"தெரியும்."

தலை குனிவார், தடுமாறுவார், இல்லை என்று சத்தியமாவது பண்ணுவார் என்று எதிர்பார்த்தாள். அவரோ வேர்வையைத் துடைத்துக்கொண்டு சாதாரணமாகச் சொன்னார்.

"எதுக்குப்பா?"

"அவிய என்ன ஆளுங்கன்னு உனக்குத் தெரியுமா? சொந்த ஊரு எதுங்கன்னு கேட்டா லஷ்கர்ங்கறான். செகந்திராபாத்தெல்லாம் ஒரு சொந்த ஊரா? குலதெய்வம் எதுன்னா அம்மாவைக் கேக்கணுங்கறான். நாளைக்குச் சென்னிமலையில பங்காளிக கேட்டா நான் எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டுப் பதில் சொல்றது?"

"சாதியை ஊர்லயே விட்டுட்டு வந்தாச்சுன்னு மைக்ல பேசினீங்களே."

"மைக்ல பேசறது வேற, வூட்டுல பொண்ணு குடுக்கறது வேற."

"பிடிக்கலைன்னு என்கிட்ட நேரா சொல்லியிருக்கலாமேப்பா!"

"சொல்லியிருந்தா கேட்டிருப்பியா? சம்பாரிக்கற திமிருல சண்டை போட்டிருப்பே. ரிஜிஸ்டர் ஆபீசுக்குப் போயிருப்பே. முருகன் சொன்னாரு, வாயைத் தொறக்காமக் கேட்டுக்கிட்டே." அவர் குரலில் கொஞ்சம் பெருமைகூட இருந்தது. "நான் பொய் ஒண்ணும் சொல்லலை அம்மிணி. சிவப்பு வந்துச்சுன்னு உங்கொம்மா சொன்னா. எங்கூருல சிவப்புன்னா வேண்டாம். அதைத்தான சொன்னேன்?"

தன் வாயால் சொல்லக் கூச்சப்பட்டதை முருகன் வாயில் போட்டுவிட்டார். ஒரு தாய் பால்குடத்தை இறக்கி வைத்துவிட்டு, கடவுளுக்கே தன்னைப் பிடிக்கவில்லை என்று அழுதுகொண்டிருக்கிறாள். இன்னொரு தாய் பட்டினி கிடந்து வழுக்குப் பாறையில் ஏறிக்கொண்டிருக்கிறாள். இவர் மோர் ஊற்றிக்கொண்டிருக்கிறார்.

"கொஞ்ச நேரம் முன்னாடி அம்மா உங்க கால்ல விழுந்தாங்க. அப்போகூட உங்களுக்குச் சொல்லத் தோணலையா?"

முதல்முறையாக அவர் பார்வை விலகியது. "அதைக் கிளறாதே. அவளுக்குத் தெரிஞ்சாத் தாங்க மாட்டா. உங்கொம்மா என்னை எப்படி நெனைச்சுட்டு இருக்கறான்னு உனக்கே தெரியும். இது நம்ம ரெண்டு பேரோட இருக்கட்டும்."

கோயில் மணி அடித்தது. அபிஷேகம் தொடங்கப் போகிறது. அருணாசலம் பேட்ஜைச் சரி செய்துகொண்டு படியேறினார்.

நம்ம ரெண்டு பேரோட. அவர் செய்ததைவிட இந்த வார்த்தைதான் சௌம்யாவுக்கு அதிகம் கசந்தது. அம்மாவை நினைத்தால் வாயை மூடிக்கொள்ளத்தான் வேண்டும். மூடிக்கொண்டால், அப்பாவுக்கு அவளும் கூட்டு. வேறு வழி தெரியாமல் பின்னாலேயே ஏறினாள்.

* * *

சன்னதியில் நெரிசல். தங்கத்தின் காவடியை இறக்கி, பூவையெல்லாம் குருக்கள் சாமி காலடியில் கொட்டியிருந்தார். வெள்ளையும் சிவப்பும் கலந்து கிடந்தன.

புஷ்பா எதிர் வரிசையில் நின்றாள். கையில் பால்குடம் இல்லை, தேங்காய்கூட இல்லை. பக்கத்தில் வாசு. சௌம்யா முகத்தை ஒரு பார்வை பார்த்தவுடனேயே அவன் முகம் தொங்கிவிட்டது.

"வாசு சொன்னான்" என்றாள் புஷ்பா. குரலைத் தாழ்த்தவில்லை. "ஏதோ தப்பு நடந்துபோச்சாமே. நான் இங்க சண்டைக்கு வரல. எங்களை வேண்டாம்னு சொன்னது இந்த முருகனா இல்லையான்னு மட்டும் தெரிஞ்சுக்கிட்டுப் போயிடறேன். தப்புன்னா என்ன தப்பு? யார் செஞ்ச தப்பு? இவன் முன்னாடியே சொல்லிடுங்க."

அருணாசலம் தொண்டையைச் செருமினார். அவர் பேசுவதற்குள் தங்கம் முன்னால் வந்துவிட்டாள்.

"என் தப்புதாங்க. முருகன் உங்களை வேண்டாம்னு சொல்லவே இல்லைங்க. சரின்னுதான் சொன்னாரு. நான்தான் அரையும் குறையுமாச் சொல்லித் தொலைச்சிட்டேன். இவரு என்ன பண்ணுவாரு, பாவம்!" என்றவள் சன்னதி பக்கம் திரும்பினாள். "தப்பு முருகா, தப்பு, தப்பு" என்று இரண்டு கன்னத்திலும் மாறி மாறிப் போட்டுக்கொண்டாள்.

சாமி கும்பிடும்போது பட்டும் படாமல் போட்டுக்கொள்கிற மாதிரி இல்லை. அறை. ஒவ்வொன்றும் சன்னதிக்கு வெளியே கேட்டது. பட்டினி கிடந்து வெளுத்திருந்த கன்னம் சிவந்து வந்தது.

பக்கத்தில் அருணாசலமும் கண்ணை மூடிக்கொண்டார். அவரும் கன்னத்தில் போட்டுக்கொண்டார், பூப்போல, விரல் நுனியால்.

சௌம்யா இரண்டு பேரையும் பார்த்தாள். பிறகு, மறுபடி ஓங்கிய அம்மாவின் கையை இறுகப் பிடித்தாள்.

"போதும்மா. கன்னத்துல போட்டுக்க வேண்டியது நீ இல்ல."

அருணாசலத்தின் விரல்கள் கன்னத்துக்குப் பக்கத்தில் அப்படியே நின்றுவிட்டன.

"நான் இல்லாம பின்ன யாருடி?" என்று கேட்டாள் தங்கம்.

புஷ்பாவுக்கு அந்தக் கேள்வி தேவைப்படவில்லை. அவள் ஏற்கெனவே அருணாசலத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.